நாற்பது நிமிட ஜலசந்தி

பாப்பா அம்மாவுக்கு,

நான் சுகம். உன் கால்வலி குறைந்ததா?

நேற்று எங்கள் கப்பல் ஜலசந்தியைக் கடந்தது. இதைப் பிடிக்க ராஜாக்கள் காலத்திலிருந்தே சண்டையாம். "எண்ணெய்க் கப்பலெல்லாம் போற வழி. இத அடைச்சா பல நாட்டுல அடுப்பெரியாது" என்றார் கேப்டன். சுற்றிலும் போர்க்கப்பல்கள் நின்றதால் ஆளுக்கொரு தலைக்கவசம் கொடுத்தார்கள். எனக்கு வந்தது அண்டா அளவு. பயப்படாதே.

எங்களுக்கு அங்கே பெரிய விஷயம் சிக்னல்தான். இருபக்கமும் கரை நெருங்குவதால் நாற்பது நிமிடம் போன் கிடைக்கும். நாற்பது நிமிடமும் உன் லைன் பிஸி. கரை மறையும்போது உன் குறுஞ்செய்தி வந்தது: "போட்டுக்கிட்டே இருக்கேன், உங்க லைன் பிஸியாவே இருக்கு. அப்படி யார்கிட்ட பேசுறீங்க?"

நானும் உன்னைத்தான் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

கப்பலில் மெயில் அனுப்ப ஒரே கம்ப்யூட்டர். பின்னால் சமையல்காரர் தொண்டையைச் செருமுகிறார். பன்னிரண்டாம் தேதி அதே வழியாகத் திரும்புகிறோம். அன்று நான் கூப்பிடுகிறேன். நீ போனைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா இரு.

பாப்பா அப்பா