ஆண் வாத்தியார் வரும்வரைக்கும்தானாம்

மே 10, திங்கள்

விடியலிலிருந்து தூறல். பள்ளியின் அத்தாப்பு ஓலைக் கூரை மறுபடி ஒழுகல். மூன்றாம் வகுப்பை என் மேசைப் பக்கம் நகர்த்தினேன்.

மேனேஜர் காளியப்பன் வந்தார். நான் தற்காலிக ஆசிரியையாம். ஆண் வாத்தியார் கிடைக்கும்வரைதான் வேலை என்று முதலிலேயே பேசியதாம். இப்போது ஆள் கிடைத்துவிட்டாராம், அவருடைய சொந்த மைத்துனர் சாமிநாதன். பள்ளிக்குப் பின்னால் நாங்கள் இருக்கும் அறையையும் வெள்ளிக்குள் காலி செய்ய வேண்டுமாம்.

அப்படி ஒரு பேச்சே இல்லை. ஜப்பான் சண்டைக்கு முன்னால் காளியப்பனேதான் என்னை வேலைக்கு வைத்தார், வாய்வார்த்தையாக.

காரணம் ஊருக்கே தெரியும். சயாம் ரயில்பாதைக்கு ஜப்பான்காரர்கள் ஆள் பிடிக்கிறார்கள். வாத்தியார் என்றால் விட்டுவிடுவார்கள் என்று பேச்சு. சாமிநாதனுக்கு வேலையில்லை.

இங்கே என் வீட்டுக்காரருக்கு மலேரியா. அறை போய், நானும் வேலையில்லாமல் நின்றால், வீடுவாசல் இல்லாத ஆளென்று இவரையல்லவா பிடித்துக்கொண்டு போவார்கள்.

மே 11, செவ்வாய்

வெயில். கோர்ட்டில் மனு கொடுத்தாயிற்று. வியாழன் விசாரணை.

வாங்க வேண்டியவை: மண்ணெண்ணெய், உப்பு, காய்ச்சலுக்குக் கொய்னா கிடைத்தால். துவைக்கச் சவுக்காரம் எங்கும் இல்லை.

இவர் போர்வைக்குள்ளிருந்து, "விட்டுடு தங்கம். புக்கிட் ரம்பாய்ல அண்ணன் வீடு இருக்கு, போயிடலாம்" என்றார். அண்ணன் வீட்டில் ஏற்கெனவே எத்தனை பேர்.

மாலை மாக் பாத்மாவிடம் போனேன். தலைமுறைகளாக இங்கேயே இருந்து மலாயே பேச்சாகிப்போன செட்டிக் குடும்பத்து அம்மாள். பள்ளி நிற்கும் நிலம் அவருடையது. தமிழ் வராது. என்னை நியமித்த அன்று அவருக்கும் விளங்க வேண்டுமென்று மேனேஜர் மலாயிலேயே பேசினார். கேட்ட சாட்சி அவர் ஒருவர்தான். கோர்ட்டில் ஜப்பான் அதிகாரி உட்கார்ந்திருப்பான் என்றதும் முகம் சுருங்கியது. மரவள்ளிக் கிழங்கைத் துருவிக்கொண்டே இருந்தார். வருகிறேன் என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை.

மே 13, வியாழன்

சந்தோஷத்தில் எழுதுகிறேன். எழுத்து கோணல்.

வாசலில் கொடிக்குக் குனிந்துவிட்டு உள்ளே. நீதிபதி மலாய்க்காரர். பக்கத்தில் அதிகாரி, வாளைத் தொடைமேல் கிடத்தியபடி. மேனேஜர் நன்றாகப் பேசினார். பொம்பளையை நிரந்தரமாக யார் வைப்பார்கள் என்று கேட்டார். நான் என் பங்கைச் சொன்னேன். சாட்சி உண்டா என்றார்கள். திரும்பிப் பார்த்தேன். மாக் பாத்மா இல்லை.

வருவார் என்று சொல்லி நின்றேன். வந்தார், வியர்க்க வியர்க்க, நல்ல கெபாயாச் சட்டை உடுத்திக்கொண்டு. அதிகாரி இருந்த பக்கம் பார்க்கவே இல்லை. மேனேஜரைப் பார்த்தே சொன்னார்:

"லு செண்டிரி சக்காப். சம்பாய் டியா மாவு பெர்ஹெந்தி."

நீதானே சொன்னாய், அவளாக நிறுத்தும்வரை என்று.

மேனேஜர் மறுக்கவில்லை. தலை தானாகக் குனிந்தது. வேலை கொடுக்கும்போது சொன்னதுதான் நிபந்தனை, பிறகு மனதில் தோன்றுவதெல்லாம் நிபந்தனை ஆகாது என்றார் நீதிபதி. வேலை எனக்கே. அறையும்.

அப்போதுதான் பின்வரிசையில் சாமிநாதனும் அவர் மனைவியும் கண்ணில் பட்டார்கள். அவள் முந்தானையை வாயில் அடைத்திருந்தாள். நேற்றுவரை நான் இருந்த இருப்பு.

வேறு ஏதாவது உண்டா என்று நீதிபதி கேட்டார். உண்டு என்றேன். எல்லா வகுப்பையும் ஒருத்தியே பார்க்க முடியவில்லை, இன்னொரு வாத்தியார் வேண்டும், மேனேஜரின் மைத்துனரானாலும் சரி. அதிகாரி எதையோ கேட்டான், துபாஷி எதையோ சொன்னான். மேனேஜர் தலையாட்டினார்.

வெளியே வந்ததும் மாக் பாத்மா என் தோளில் ஒரு அடி வைத்தார். வேலையைப் பறிக்க வந்தவனுக்கே வேலை கேட்கிறாயே, உனக்கென்ன பைத்தியமா என்று திட்டு. இருவரும் நடந்தே வந்தோம், எங்கள் காஜா பெராங் வரை.

மே 14, வெள்ளி

இவருக்குக் காய்ச்சல் விட்டது. கஞ்சி கேட்டுக் குடித்தார். கூரைக்கு அத்தாப்பு சொல்லியனுப்பினேன். மேனேஜர் எதிரே வந்தார். ஒதுங்கி வழி விட்டார்.

மே 17, திங்கள்

காலையில் சாமிநாதன் வந்தார். ஆள் எடுப்பவர்களிடம் வாத்தியார் வேலையைச் சொல்லி, பட்டியலில் தன் பெயரை அடிக்க வைத்துவிட்டாராம். "டீச்சர், நான் பாடம் நடத்தினதே இல்ல" என்றார். முதல் வகுப்பைக் கொடுத்தேன். அவர் 'அ' எழுதும் அழகைப் பார்த்துப் பிள்ளைகள் சிரித்தார்கள், அவரும்.

மதியம் அறைக்கு வந்து சற்றுத் தலைசாய்த்தேன். விளக்கு வைக்கும்வரை தூங்கியிருக்கிறேன். இவர் எழுப்பவே இல்லை.