நடுவில் வேண்டாம், வட்டத்தில்

முருகன் துணை
நெய்வேலி

அன்புள்ள அம்மாவுக்கு, கமலா வணங்கி எழுதுவது. இங்கே அவரும் வளர்மதியும் நானும் சுகம். உங்கள் காலுக்கு எண்ணெய் தேய்த்துவிட ஆள் வருகிறதா? போனில் பேத்தி வளர்மதியின் கல்யாணப் பேச்சை எடுத்தாலே வைத்துவிடுகிறீர்கள். அதனால் எழுதுகிறேன்.

போன வாரம் பக்கத்து ஊர் வடக்குத்தில் தமிழ்மொழி என்ற பெண்ணுக்கு நலங்கு. அவளுடைய அம்மா மாணிக்கம்மாளும் உங்களைப் போல் சக்கர நாற்காலியில்தான். கும்மி தொடங்கும்போது, மரியாதை என்று நினைத்து, அவரை நடுவில் விளக்குக்குப் பக்கத்தில் நிறுத்தினோம்.

"ஏண்டி, நான் என்னா குத்துவெளக்கா? என்னச் சுத்திகினு வரீங்க! வட்டத்துல வுடுங்கடி" என்று சத்தம் போட்டார்.

கல்யாணப் பெண்ணே மணையை விட்டு எழுந்து வந்து தள்ளினாள். "மெதுவா தள்ளுடி, தாளம் ஓடிப்போவுது" என்று அதற்கும் திட்டு. சக்கரம் ஒருத்தி காலில் லேசாக ஏறியது. அடியில்லை, கும்மியும் நிற்கவில்லை.

மூலையில் உட்கார்ந்து வேடிக்கை பார்க்க எதற்கு வருவது என்று சொல்லித்தானே போனை வைக்கிறீர்கள். மூலையில் யாரும் உட்கார வைக்கப்போவதில்லை. நம் வீட்டு வாசற்படிக்கு உங்கள் மருமகன் சரிவாகப் பலகை அடித்துவிட்டார். வரும்போது கொஞ்சம் சுண்டவத்தல் கொண்டு வாருங்கள். நீங்கள் பாடும் முருகன் கும்மி எனக்குப் பாதிதான் தெரியும். மீதியைக் கேட்க இங்கே ஆளில்லை.

அவர் ஷிப்டுக்குக் கிளம்பிவிட்டார், கடிதத்தை அவரிடமே கொடுத்தனுப்ப வேண்டும். கும்மியில் உங்கள் நாற்காலியை வளர்மதிதான் தள்ளுவாளாம். தள்ளுகிறவளால் கை தட்ட முடியாது. அவளுக்கும் சேர்த்து நீங்கள்தான் தட்ட வேண்டும்.

கமலா