பெயர் வெட்டப்பட்ட படம்

அனுப்புநர்
ஞானமலர் சிவகுருநாதன்,
எல்பர்ஃபெல்ட், வுப்பர்டால்.

பெறுநர்
திரு. சி. யோகலிங்கம் அவர்கள்,
நகர ஒருங்கிணைப்பு மன்ற உறுப்பினர்,
வுப்பர்டால்.

பொருள்: இயக்குநர் நவும் ஸெல்மின் அவர்களின் பெயரை அவருடைய படத்தின் திரையிடலில் அறிவிக்கக் கோருதல்.

மதிப்புக்குரிய ஐயா,

1. எங்கள் வீட்டுக்கு மேல்மாடியில் வசிக்கும் எண்பத்தாறு வயதான திரு. ஸெல்மின், சோவியத் காலத்தில் மாஸ்கோவில் அனிமேஷன் படங்கள் இயக்கியவர். அடுத்த மாதம் எங்கள் பகுதித் திரைவிழாவில் அவருடைய படமொன்று காட்டப்படவுள்ளது. வெள்ளத்தில் மிதக்கும் கூரைமேல் ஒரு தபால்காரரும் ஓர் ஆடும் அகப்பட்டுக்கொள்ளும் கதை. விழா நிரலில் "இயக்குநர்: தெரியவில்லை" என்று அச்சிட்டிருக்கிறார்கள். அந்தத் தெரியாத மனிதர் தினமும் எங்கள் படிக்கட்டில்தான் ஏறி இறங்குகிறார்.

2. படத்தில் பெயர் இல்லாதது உண்மை. எழுபதுகளின் இறுதியில் அவர் நாட்டைவிட்டு வெளியேற விண்ணப்பித்தார். உடனே ஸ்டூடியோ, படச்சுருளின் தொடக்கத்திலிருந்த அவர் பெயரை வெட்டி எடுத்துவிட்டது. வெளியேற அனுமதியும் கிடைக்கவில்லை, அதற்குப் பிறகு படம் இயக்கும் வேலையும் கிடைக்கவில்லை. தொண்ணூறுகளில் ஜெர்மனிக்கு வரும்வரை பாடசாலைச் சுவர்களில் படம் வரைந்து பிழைத்தார்.

3. விழா அலுவலகத்துக்கு இரண்டுமுறை டெர்மின் எடுத்து, குறித்துத் தந்த நேரத்துக்கு அவரும் நானும் போனோம். மூல ஓவியங்களைக் கொண்டுவந்தால் பெயர் போடலாம் என்றார்கள். ஐயா, அவர் வேலைசெய்த முறையில் மூல ஓவியம் என்று ஒன்றும் மிஞ்சாது. கண்ணாடியில் எண்ணெய் வர்ணத்தை விரலால் தீட்டுவார். அதைக் கமராவில் ஒருமுறை பிடிப்பார். பிறகு அதையே துடைத்து அடுத்த அசைவைத் தீட்டுவார். முடிவில் கையில் இருப்பது ஒரு கண்ணாடியும் ஓர் அழுக்குத் துணியும்தான். அலுவலர் எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டு, மறுபடியும் மூல ஓவியம் எங்கே என்று கேட்டார். எனக்குக் கோபம் தலைக்கேறியது. ஸெல்மின் ஐயா நன்றி சொல்லிவிட்டு எழுந்து வந்தார்.

4. என் கணவர், "எங்களுக்கேன் இந்தச் சோலி, விடுமப்பா" என்றார். நான் விடுவதாக இல்லை. விழாவினர் தந்த பிரதியை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். தபால்காரரின் கோட்டில், ஆட்டின் கழுத்தில், வெள்ளத்தில் எங்கும் விரல் ரேகைகள் தெளிவாகத் தெரிகின்றன. பெயரை வெட்டியவர்களால் அவற்றை வெட்ட முடியவில்லை.

5. ஆகவே, அந்த ரேகைகளை அவருடைய விரல்களோடு ஒப்பிட ஒரு நிபுணரை அழைக்கும்படியும், திரையிடலுக்கு முன் நிரலைத் திருத்தும்படியும் தாங்கள் விழா அலுவலகத்தை வற்புறுத்த வேண்டும். ஸெல்மின் ஐயா இதற்குச் சம்மதித்துள்ளார். நான் அகதியாக இந்த நாட்டுக்கு வந்தபோது என் பத்து விரல்களையும் மையில் உருட்டி எடுத்தார்கள். எங்களைப் போலவே அகதியாக வந்த தங்களுக்கும் அப்படித்தான் நடந்திருக்கும். எங்களைச் சந்தேகப்பட ரேகை போதுமாக இருந்தது. ஒரு மனிதரை நம்பவும் அது போதும் என்று அவர்களிடம் சொல்லுங்கள்.

திருத்திய நிரலை எதிர்பார்த்திருக்கும்,

ஞானமலர் சிவகுருநாதன்

இடம்: வுப்பர்டால்
நாள்: 14.10.2025

இணைப்பு: படத்திலிருந்து அச்செடுத்த, ரேகை தெரியும் மூன்று காட்சிகள். ஸெல்மின் ஐயாவின் வலக்கைப் பெருவிரல் அடையாளம் ஒன்று. வீட்டில் மை இல்லாததால் என் சமையல் மேசையில் பீற்றூட் சாற்றில் தொட்டு அவரே பதித்தது.