முதல் ஓட்டம்

அன்புள்ள அப்பாவுக்கு வணக்கம். கப்பலில் நான் சுகம். உங்கள் முதுகுவலி தேவலையா?

எங்கள் ஹெலிகாப்டர் படைப்பிரிவில் தொடக்கத்திலிருந்தே ஒரு வழக்கம். பழுது பார்த்தவனும் முதல் ஓட்டத்தில் கூடவே ஏற வேண்டும். நேற்று வால் விசிறியை மாற்றிவிட்டு ஏறினேன். நடுக்கடலில் இருக்கை அதிரத் தொடங்கியது.

“எல்லா நட்டையும் நீதானே முடுக்கின?” என்று விமானி கேட்டார்.

“ஆமா சார்.”

“அப்ப காத்துதான். சும்மா உக்காரு.”

இறங்கியதும் ஒவ்வொரு நட்டாகத் தொட்டுப் பார்த்தேன். எதுவும் தளரவில்லை.

வீட்டில் விட்டுவந்த என் போர்வையைத் துவைக்காமல் அனுப்புங்கள், வீட்டு வாசனை இருக்கட்டும்.

நம் பட்டறையில் பிரேக் மாற்றிய லாரியை நீங்கள் ஓட்டிப் பார்த்துத் திரும்பும்வரை அம்மா சாப்பிடமாட்டாள். அதனால் இதை அவளுக்குப் படித்துக் காட்டாதீர்கள். காலையில் இன்னொரு ஹெலிகாப்டரைப் பழுது பார்த்தேன், அதன் முதல் ஓட்டத்துக்குக் கூப்பிடுகிறார்கள்.

உங்கள் மகன்