சொம்புக்குள் ஒலித்த உங்கள் பெயர்

மாமா,

யாரும் நம்பப்போவதில்லை என்று தெரிந்தே ஒரு கதையைச் சொல்லப்போகிறேன். வில்லியனூர் கொம்யூன் பஞ்சாயத்தில் இதுவரை பொய் சொல்லிப் பிழைத்தவர்கள் எல்லாரும் கேட்டால் வெட்கப்பட்டுத் தொழிலை விட்டுவிடுவார்கள், அவ்வளவு பெரிய கதை. மற்றவர்கள் பாதியில் எழுந்து போகலாம். உங்களுக்கு மட்டும் அந்த வசதி இல்லை. உயிரோடு இருந்தபோதும் அந்த வசதியை நான் உங்களுக்குக் கொடுத்ததில்லை.

இன்று காலை அக்கா உங்கள் போனைக் கொண்டுவந்து என் மடியில் போட்டாள். சத்தம் அடைத்துக்கொண்டு வருகிறதாம். ஒரு குண்டூசியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஒலி வரும் சின்னச் சின்ன ஓட்டைகளிலிருந்து கழனி மண் உதிர்ந்தது, காய்ந்து மாவாகிப் போன மண். முகர்ந்து பார்த்தேன். யூரியாவும் பீடியும் கலந்த உங்கள் சட்டைப்பை வாசனை. எவ்வளவு மண் என்கிறீர்கள்? அள்ள அள்ள வந்தது. அதைப் பரப்பி ஒரு போகம் நெல் போட்டு, வைக்கோலையும் விற்றிருக்கலாம்.

"சீக்கிரம் தொடைடா. இன்னிக்கு திவ்யா ஆடுறா," என்றாள் அக்கா.

"என் போன்லயே கேக்கலாமேக்கா. புதுசு."

"இதுலதான் கேக்கணும்."

அதற்கு மேல் நான் வாயைத் திறக்கவில்லை. நான் வாயைத் திறக்காமல் இருந்ததையும் யாரும் நம்ப மாட்டார்கள்.

உங்கள் மகள் பேஸ்பால் ஆடப் போனதே என்னால்தான் என்று ஊர் முழுக்கச் சொல்லி வைத்திருக்கிறேன். தாய்மாமன் வழி வந்த கை அது. பள்ளிக்கூடத்து மைதானத்தில் அவள் முதன்முதலாக எறிந்த பந்து பாகூர் ஏரியில் போய் விழுந்து, அடிபட்ட கெண்டை மீனைச் சாயங்காலம் சந்தையில் விற்றார்கள். நானே வாங்கிக் குழம்பு வைத்தேன். இதை உங்களிடம் சொல்லி, "கை எங்க வூட்டுக் கை மாமா," என்று நெஞ்சை நிமிர்த்தியபோது நீங்கள் கரும்புச் சோகையை உரித்துக்கொண்டே சொன்னீர்கள்: "கை உங்க வூட்டுதாவே இருக்கட்டும்டா மச்சான். வாயி எங்க வூட்டுதா வந்துச்சே, அதுக்குக் கோயிலுக்கு நேர்ந்துக்கணும்."

அவள் மாநிலத்துக்கு ஆடினாள், பிறகு நாட்டுக்கே ஆடத் தேர்வானாள். என் வாழ்க்கையில் நான் ஊதிப் பெரிதாக்க வேண்டிய அவசியமே இல்லாமல் வந்த ஒரே செய்தி அது. எனக்குச் சற்று ஏமாற்றமாகக்கூட இருந்தது.

கடல் தாண்டிப் போகுமுன் அவள் வீட்டுக்கு வந்து, அணிச் சட்டையைக் கட்டிலில் விரித்துப் போட்டாள். நீங்கள் முதுகுப்பக்கம் இருந்த ஆங்கில எழுத்துகளை விரலால் தொட்டுத் தொட்டுப் படித்தீர்கள். "எம், ஏ, என், இன்னொரு என்…" அங்கேயே விரல் நின்றுவிட்டது. அது உங்கள் பெயர். மண்ணாங்கட்டி.

உங்களுக்கு முன் பிறந்த குழந்தைகள் தங்கவில்லை. அதனால் உங்களைக் குப்பைமேட்டில் ஒரு நிமிடம் கிடத்தி எடுத்து, எமனுக்கே வேண்டாம் என்று தோன்றும்படி ஒரு பெயரை வைத்தார்கள். நம் பக்கத்தில் அது ஊருக்கு ஒருவருக்காவது உண்டு. பெயர் தன் வேலையை ஒழுங்காகச் செய்தது, நீங்கள் பிழைத்தீர்கள். ஆனால் எமனை விரட்டிய பெயர் மனிதர்களை விரட்டவில்லை. வகுப்பில் சிரித்தார்கள். வங்கியில் அந்தப் பெயரை உரக்கக் கூப்பிட்டால், நாலு பேர் திரும்பிப் பார்த்து ஓய்ந்த பிறகுதான் நீங்கள் எழுந்து போவீர்கள், வேறு யாருக்காகவோ போகிறவர் மாதிரி.

அக்காவுக்கு அந்தத் தொல்லை இல்லை. புருஷன் பெயரைச் சொல்லக் கூடாது என்று வளர்ந்தவள். "ஏங்க", "இந்தாங்க", "திவ்யா அப்பா" இவற்றிலேயே குடும்பம் நடத்தினாள். யாராவது பெயர் கேட்டால் பக்கத்தில் நிற்பவரைச் சொல்லச் சொல்வாள். கட்டி வெல்லத்தைக்கூட 'உருண்ட' என்றுதான் கேட்பாள், மண்சட்டிக்கு 'அந்தச் சட்டி' என்றுதான் பெயர். அவள் பெயர் சொல்லாமலேயே கடைக்காரர்கள் எதை எடுத்துக் கொடுக்க வேண்டும் என்று பழகிக்கொண்டார்கள்.

"இன்னாம்மா இது? உன் பேரப் போடக் கூடாதா?" என்று கேட்டீர்கள்.

"அப்பா பேருதாம்பா கடசிப் பேரு. முதுகுல அதத்தான் போடுவாங்க," என்றாள் திவ்யா.

"மாத்தச் சொல்லு."

"எதுக்கு?"

"சிரிப்பாங்கடி. என்னப் பாத்து இங்க சிரிச்சது போறாதா? உன்னப் பாத்து அங்க வேற சிரிக்கணுமா?"

"சிரிச்சா சிரிக்கட்டும். நான் ஓடும்போது முதுகுதான தெரியும்? யாரு பொண்ணு ஓடுறான்னு தெரியட்டும்."

நீங்கள் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு கழனிக்குப் போய்விட்டீர்கள். அவள் புறப்பட்ட அன்று வில்லியனூர் பேருந்து நிறுத்தம் வரை வந்தீர்கள். கண்ட தண்ணியைக் குடிக்காதே என்று மட்டும் சொன்னீர்கள். திரும்பி வரும்போது என் வண்டியின் பின்னால் உட்கார்ந்து, காற்றோடு பேசுகிறவர் மாதிரி, "என் பேரால அவ மொகம் வாடுச்சின்னா எனக்குத் தாங்காதுடா," என்றீர்கள். காது கேட்காதவன் போல ஓட்டினேன்.

ஆட்டத்தன்று ஒதியம்பட்டுக் கழனியில் மோட்டார் கொட்டகைக்குப் பின்னால் இருக்கிற வரப்பில்தான் சிக்னல் கிடைத்தது. அங்கேயும் படம் வரவில்லை. குனிந்து நிற்கும் நடுவரின் பின்புறத்தோடு படம் உறைந்துவிட்டது. நாட்டுக்கு நாடு ஆடும் ஆட்டத்தில் நமக்குக் கிடைத்த தரிசனம் அது. ஆனால் குரல் மட்டும் தடையில்லாமல் வந்தது. அதுவும் சன்னமாக. நீங்கள் போனை உங்கள் தண்ணீர்ச் சொம்புக்குள் இறக்கி வைத்தீர்கள். உடனே சொம்பு கணீரென்று ஆங்கிலம் பேச ஆரம்பித்தது. மோட்டார் இரைச்சலில் கேட்காது என்று, மும்முனை மின்சாரம் வந்துகொண்டிருந்த அந்த அருமையான நேரத்தில், எழுந்து போய் மோட்டாரை நிறுத்தினீர்கள். சொத்தை எழுதி வைப்பதைவிடப் பெரிய காரியம் அது. பக்கத்துக் கழனிக்காரர், "கரண்டு இருக்கசொல்ல ஏன்யா நிறுத்திட்ட?" என்று கத்தினார். "பொண்ணு பேசுது," என்றீர்கள். பேசியது வர்ணனையாளர்.

மொழிபெயர்ப்பாளர் நான். ஆட்டமும் தெரியாது, அந்த ஆளின் ஆங்கிலமும் புரியாது. ஆனால் தெரியாது என்ற சொல் எங்கள் பரம்பரையிலேயே கிடையாது. திவ்யா முதல் தடவை மட்டை பிடித்தாள். டக்கென்று ஒரு சத்தம், கூட்டம் 'ஓ' என்றது. பந்து பின்பக்கமாக எங்கோ பறக்கிறது என்பது வரை எனக்குப் பிடிபட்டது. கிரிக்கெட்டில் பின்பக்கம் பறந்தாலும் ஆறுதானே. "சிக்ஸர் மாமா," என்று அறிவித்துவிட்டேன். நீங்கள் ஒரு கரும்பை ஒடித்து எனக்குப் பாதி கொடுத்தீர்கள். மென்று முடிக்குமுன் மறுபடி டக், மறுபடி பின்பக்கம், மறுபடி 'ஓ'. மறுபடி ஒரு கரும்பு. பின்பக்கம் போனால் அந்த ஆட்டத்தில் ஓட்டமே கிடையாது, நின்று மறுபடி அடிக்க வேண்டும் என்று யார் கண்டது? இன்னொரு டக் கேட்டதும் நீங்கள் கரும்பை ஒடிக்காமல் என்னைப் பார்த்தீர்கள்.

"மச்சான், இவ எத்தினி தரம்டா ஜெயிப்பா? இன்னும் அங்கியே நிக்கிறாளே."

"அது அந்த ஊரு மரியாத மாமா. நல்லா அடிக்கிறவங்கள அனுப்ப மனசு வராது."

நீங்கள் நம்பவில்லை. கரும்பை மட்டும் கீழே வைத்துவிட்டீர்கள்.

ஆனால் என் மொழிபெயர்ப்பையா நீங்கள் கேட்டுக்கொண்டிருந்தீர்கள்? சொம்பின் மேல் குனிந்து வேறொன்றுக்காகக் காத்திருந்தீர்கள். அவள் முதல் தடவை வந்தபோதே அந்த ஆள் உங்கள் பெயரைச் சொல்லிப் பார்த்தான். "மன்… மனான்…" என்று வழுக்கி விழுந்தான். நீங்கள் கண்ணை மூடிக்கொண்டீர்கள். இரண்டாவது தடவை நிதானமாக, நடவு வயலில் காலை எடுத்து வைக்கிறவன் மாதிரி, "மன்… னான்… காட்டி," என்றான். சொல்லி முடித்த திருப்தியில் இன்னொரு முறையும் சொன்னான். பக்கத்தில் இருந்த இன்னொரு குரலும் அதைச் சொல்லிப் பார்த்தது. நல்ல பண்டத்தை வாயில் போட்டுச் சுவை பார்ப்பதுபோல இருவரும் மாற்றி மாற்றிச் சொன்னார்கள்.

"சிரிக்கலியேடா அவன்," என்றீர்கள்.

"இல்ல மாமா."

"நல்லாக் கேளு. சிரிக்கிறானா?"

"இல்ல மாமா. ஆசையாச் சொல்றான்."

இந்த இடத்தில் நான் எதையும் ஊதவில்லை. ஆசையாகத்தான் சொன்னான்.

கடைசிக் கட்டம். இரண்டு அணியும் சமம். மூன்றாவது மூலையில் நம் பெண் ஒருத்தி நிற்கிறாள், அவள் ஓடி வந்து சேர்ந்தால் ஆட்டம் நமக்கு. அடிக்க வேண்டியது திவ்யா. அதே நேரத்தில் அக்கா சாப்பாட்டுத் தூக்கோடு வரப்பில் வந்து நின்றாள். சொம்பு பேசுகிறது, புருஷனும் தம்பியும் அதன் முன் கும்பிடுகிறவர்கள் போலக் குனிந்திருக்கிறார்கள், மோட்டார் நின்றிருக்கிறது. திட்ட வாயெடுத்தவள் நம் முகங்களைப் பார்த்துவிட்டு அப்படியே நின்றாள்.

டக். இந்த முறை சத்தம் வேறு மாதிரி இருந்தது. பிறகு அந்த ஆள் மழைக்கு உடைந்த ஏரி மாதிரி ஆனான். "மன்னாங்காட்டி! மன்னாங்காட்டி!" வேறு எதுவும் சொல்லவில்லை, அவனுக்கு ஆங்கிலமே மறந்துவிட்டது. அவனுக்குப் பின்னால் நம் அணிப் பெண்கள், எந்தெந்த மாநிலத்துப் பிள்ளைகளோ, கைதட்டித் தாளம் போட்டு அதே பெயரைக் கூவுகிறார்கள். சொம்பு அதிர்ந்தது. ஒதியம்பட்டிலிருந்து நெட்டப்பாக்கம் வரை இருந்த கரும்பெல்லாம் எழுந்து நின்று தலையாட்டியது. வயலில் இருந்த கொக்குகள் மொத்தமாக எழும்பி, வானத்தில் உங்கள் பெயரை எழுதிவிட்டுப் போயின.

அந்தக் கூச்சலில் அக்கா தூக்கைக் கீழே வைத்தாள். இரண்டு கையையும் தூக்கினாள். அவர்கள் கூவியதையே, அவர்களைவிடச் சத்தமாக, அட்சரம் பிசகாமல் கூவினாள்.

"மண்ணாங்கட்டி!"

கொக்குகள் திரும்பி வந்து எழுத்துப் பிழையைத் திருத்திவிட்டுப் போயின என்று நான் டீக்கடையில் சொல்லி வருகிறேன். யாரும் மறுத்ததில்லை. நின்று கேட்டதும் இல்லை.

அதன் பிறகு வங்கியில் உங்கள் பெயரைக் கூப்பிட்டபோது நான் உடன் இருந்தேன். முதல் எழுத்து வரும்போதே எழுந்துவிட்டீர்கள். "கேக்கல, இன்னொரு தரம் சொல்லுங்க," என்றீர்கள். அந்தப் பெண் சொன்னாள். நாலு பேர் திரும்பினார்கள். அந்த நாலு பேரையும் நீங்கள் ஒவ்வொருவராக நின்று பார்த்தீர்கள், கேள்வி ஏதாவது இருக்கிறதா என்பது போல.

போன தை மாதம், கரும்பு வெட்டு முடியுமுன், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வரப்பில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. அஞ்சலி பேனர் அடிக்கிற பையன், பெயரைச் சின்னதாகப் போட்டு 'கரும்பு விவசாயி' என்பதைப் பெரிதாகப் போடவா என்று தயங்கித் தயங்கிக் கேட்டான். திவ்யா சொன்னாள்: "போட்டோவ வேணா சின்னதாக்குங்க."

எனக்கென்று நீங்கள் எதையும் விட்டுப் போகவில்லை. நானாக ஒன்றை எடுத்துக்கொண்டேன். இப்போதெல்லாம் புதிதாக யாரைப் பார்த்தாலும் என் பெயரைச் சொல்வதில்லை. "மண்ணாங்கட்டியோட மச்சான்," என்கிறேன். சிரிப்பவர்களை விடுவதில்லை. உட்கார வைத்து முழுக் கதையையும் சொல்கிறேன். அதுதான் அவர்களுக்குத் தண்டனை.

போன் சரியாகிவிட்டது. அக்கா சொம்பைக் கழுவிக் கவிழ்த்து வைத்திருக்கிறாள். ஆட்டம் தொடங்கப்போகிறது, அதனால் முடிக்கிறேன்.

இதுவரை சொன்னதில் எவ்வளவு வேண்டுமானாலும் கழித்துக்கொள்ளுங்கள் மாமா, கோபிக்க மாட்டேன். சின்னதாக ஒரு இடத்தில் மட்டும் கை வைக்காதீர்கள். அது நிஜம். அக்கா அந்தப் பெயரைச் சொன்னபோது கரும்பு எதுவும் தலையாட்டவில்லை. கொக்கு இருந்ததா என்றே நான் பார்க்கவில்லை. சொம்புக்குள் கூச்சல் அதுபாட்டுக்குக் கேட்டுக்கொண்டிருந்தது. நீங்கள் அதை அப்படியே விட்டுவிட்டுத் திரும்பி, கல்யாணமான நாளிலிருந்து அவள் உங்களை அப்படித்தான் கூப்பிட்டு வந்தது போல, "இன்னா?" என்று கேட்டீர்கள்.

அக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு மெதுவாக எடுத்தாள்.

"ஒண்ணுமில்ல," என்றாள். "கூப்ட்டுப் பாத்தேன்."