அது செவிவழிக் கதை இல்லை

என் சிட்டுவுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் நன்றாக இருக்கிறோம், நீங்களும் அப்படியே இருக்க வேண்டும் என்று எழுதித்தான் எப்போதும் ஆரம்பிப்பேன், கை பழகிவிட்டது, இன்றைக்கும் அதுவே வந்துவிட்டது. ஆனால் அப்பாவும் தம்பியும்தான் நன்றாக இருக்கிறார்கள், என்னை அந்தக் கணக்கில் சேர்த்துக்கொள்ளாதே. அப்பாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது, கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வீட்டுக்குள்ளேயே ராஜா மாதிரி நடக்கிறார், சொட்டு மருந்து பாட்டிலை எடுத்தால் மட்டும் சின்னப் பிள்ளை மாதிரி முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். தம்பி வேலை மாறிவிட்டான், இப்போது ஆபீஸ் பக்கத்திலேயே, மத்தியானம் வீட்டுக்கு வந்துதான் சாப்பிடுகிறான், அதிலும் ஒரு குறை சொல்லாமல் அவனுக்கு உள்ளே இறங்காது. குளியலறைக் குழாய் இன்னும் ஒழுகுகிறது, பிளம்பர் இதோ வருகிறேன் அதோ வருகிறேன் என்று போக்குக் காட்டுகிறார். சரி, குழாயைப் பற்றி எழுதி நான் தப்பித்துக்கொண்டிருக்கிறேன் என்று எனக்கே தெரிகிறது. அன்றைக்கு நீ பேசிக்கொண்டிருக்கும்போதே போனை வைத்துவிட்டேன். அதற்குமேல் பேசியிருந்தால் என் வாய் தாறுமாறாகப் போயிருக்கும், அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். எனக்கு எழுத வரும், நீ அதை மறந்துவிட்டாலும்.

எனக்கு விஷயம் எப்படித் தெரிந்தது என்று நீ கேட்கவே இல்லை, நானே சொல்கிறேன். என் கதைகளைச் சேர்த்து மறுபடி புத்தகமாகப் போடுகிறார்கள் என்று சொன்னேன் அல்லவா, அந்தப் பதிப்பகத்துப் பெண் என்னை நேரில் வரச் சொல்லியிருந்தாள். அட்டைப்படம் காட்டத்தான் கூப்பிடுகிறாள் என்று புதுச் செருப்பெல்லாம் போட்டுக்கொண்டு போனேன். அவள் அறைக் கதவைச் சாத்திவிட்டுத் தண்ணீர் கொடுத்தாள், அட்டைப்படத்துக்கு இல்லை என்று அப்போதே தெரிந்துவிட்டது. நீ இருக்கிற நாட்டில் ஒரு பதிப்பகத்துக்கு என் கதைகளை அனுப்பி, மொழிபெயர்த்துப் போடுகிறீர்களா என்று கேட்டிருந்தாளாம். அவர்கள் பதில் போட்டிருக்கிறார்கள், இதில் முதல் கதை இங்கே ஏற்கெனவே வந்துவிட்டது, அது ஒரு நாட்டுப்புறக் கதை, ஆசிரியர் என்று யாரும் கிடையாது, இந்த அம்மாள் எப்படித் தன் கதை என்கிறார் என்று. கூடவே ஒரு அட்டையின் படம். கையில் இஸ்திரிப் பெட்டியோடு ஒருத்தி, அவள் காலடியில் உன் பெயர். பதிப்பகத்துப் பெண் ரொம்பத் தயங்கித்தான் கேட்டாள், “தப்பா எடுத்துக்காதீங்கம்மா, இது நீங்களே எழுதின கதைதானே?” என்று. என்னை இதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை சிட்டு. ஆமாம் என் கதைதான் என்றேன். அந்தப் பெயர் என் பெண்ணுடையது என்று சொல்ல மட்டும் வாய் வரவில்லை, அவ்வளவு வெட்கமாக இருந்தது. பஸ்ஸில் வரும்போது இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய்விட்டேன்.

வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னால் அவர் முகம் போன போக்கிலேயே புரிந்துவிட்டது. போய் அவர் பீரோவில் கம்பளிச் சட்டைகளுக்குக் கீழேயிருந்து உன் புத்தகத்தை எடுத்துக்கொண்டு வந்தார். நீ போன வருஷமே அனுப்பிவிட்டாயாம். நல்ல நேரம் பார்த்துச் சொல்லலாம் என்று இருந்தாராம், ஒரு வருஷமாக இந்த வீட்டில் நல்ல நேரமே வரவில்லை போலிருக்கிறது. அப்பாவும் பெண்ணுமாகச் சேர்ந்து என் தலையில் நன்றாக மிளகாய் அரைத்திருக்கிறீர்கள். இரண்டு நாள் அவருக்குச் சொட்டு மருந்தைத் தம்பிதான் விட்டான். அந்த மொழி எனக்குத் தெரியாதே, அதனால் கீழ் வீட்டு வக்கீல் அம்மாவிடம் புத்தகத்தைக் கொண்டுபோய்ப் படித்துச் சொல்லச் சொன்னேன். முதல் பக்கத்திலேயே எழுதியிருக்கிறாய், இது எங்கள் வீட்டுப் பெண்கள் வழிவழியாகச் சொல்லிவந்த கதை, என் நினைவிலிருந்து தருகிறேன் என்று. எந்தப் பெண்கள்? என் அம்மாவுக்குக் கதை என்றாலே ஆகாது, ஒரு கதை சொல்லும்மா என்றால் போய்ப் பாத்திரத்தைக் கழுவு என்பாள். உன் அத்தைகள் சொன்ன கதையெல்லாம் என்னைப் பற்றித்தான், அதை யாரும் புத்தகமாகப் போட மாட்டார்கள். ஆஸ்பத்திரியில் பில் போடுகிற வேலை பார்த்துக்கொண்டு, சாப்பாட்டு நேரத்தில் மருந்து ஸ்டோருக்குள் அட்டைப்பெட்டி மேல் உட்கார்ந்து, பழைய பில்லின் பின்பக்கத்தில் எழுதிய கதை அது. வழிவழியாக வந்த பெண்கள் யாரும் அங்கே வந்து எனக்கு ஒரு வரி எடுத்துக் கொடுக்கவில்லை.

மாற்றினதையாவது ஒழுங்காக மாற்றினாயா. என் கதையில் சலவைக் கடை அடுக்குமாடிக் கட்டடத்துக்குக் கீழே இருக்கிறது. மாடிப்படி ஏறி இறங்கும்போது ஆட்களின் நிழல் படிக்குப் படி மடிந்து கசங்கிப்போகும், அதைக் கொண்டுவந்து கடைக்காரியிடம் இஸ்திரிக்குப் போடுவார்கள், கதையே அதுதான். நீ கட்டடத்தை இடித்துத் தள்ளிவிட்டு ஆற்றங்கரையில் ஒரு கிழட்டு மரத்தடியில் கடையை வைத்திருக்கிறாய். பழங்கதை என்றால் மரம் இருந்தே ஆக வேண்டுமா? படியே இல்லாத இடத்தில் நிழல் எப்படியடி கசங்கும்? நான் இதைக் கேட்டதும் வக்கீல் அம்மா சிரித்துவிட்டாள், எனக்கு அழுகை வந்துவிட்டது. ஆனால் ஒன்றை மட்டும் நீ மாற்றவில்லை. கடைக்காரி துணி எண்ணும்போது ஒன்று, இரண்டு, நாலு என்றுதான் எண்ணுவாள், அது அப்படியே இருக்கிறது. சின்ன வயதில் நீ அப்படித்தான் எண்ணுவாய், மூணு எங்கடி என்றால் அது தூங்குது என்பாய். அதைத்தான் போனில் பிடித்துக்கொண்டாய், “அந்த மூணு என்னோடதும்மா, அப்ப கதையில எனக்கும் பங்கு இருக்குல்ல?” என்று. மூன்றை விழுங்கினது நீதான், இல்லை என்றா சொன்னேன். கடையைச் சாத்துகிற நேரத்தில் ஒரு நிழலைக் காணோம் என்று கடைக்காரி ஊரெல்லாம் தேட, அது அவள் அலமாரியிலேயே மூன்றாவது தட்டில் தூங்கிக்கொண்டிருந்தது என்று முடித்தது யார்? அந்த முடிவு கிடைக்காமல் நான் கிழித்துப்போட்ட தாளுக்குக் கணக்கே இல்லை. குழந்தை ஒன்று சொன்னது, அம்மா அதைக் கதையாக்கினாள். இது இரண்டும் ஒன்று என்று நீ நிஜமாகவே நம்புகிறாயா, இல்லை எனக்காகச் சொன்னாயா என்று இன்னும் எனக்குப் புரியவில்லை.

அம்மாவின் புத்தகம் இந்த நாட்டில் பதிவாகவில்லை, அதனால் சட்டப்படி தப்பில்லை என்றும் சொன்னாய். அதையும் வக்கீல் அம்மாவிடம் கேட்டேன். அப்படி ஒன்றும் கிடையாதாம். எழுதின அந்த நிமிஷமே உரிமை எழுதினவளுக்கு வந்துவிடுமாம், எந்த ஆபீசிலும் போய் வரிசையில் நிற்க வேண்டாமாம். மொழிபெயர்க்க வேண்டுமானாலும் மாற்றி எழுத வேண்டுமானாலும் அவளைக் கேட்டாக வேண்டும், அவள் பெயரைப் போட்டாக வேண்டும். நாடுகள் எல்லாம் அந்தக் காலத்திலேயே கூடி உட்கார்ந்து ஒப்பந்தம் போட்டிருக்கின்றனவாம், உங்கள் ஊர் எழுத்தாளரை எங்கள் ஊர் எழுத்தாளர் மாதிரியே பார்த்துக்கொள்கிறோம், எங்களவரை நீங்களும் அப்படியே பாருங்கள் என்று. நம் நாடும் அதில் இருக்கிறது, நீ இருக்கிற நாடும் இருக்கிறது. கேட்டுவிட்டுப் படியேறி வரும்போது இதைத்தான் நினைத்துக்கொண்டே வந்தேன். முகம் தெரியாத நாடுகள் எல்லாம் என்னைத் தங்கள் வீட்டுப் பெண்ணாக நினைப்போம் என்று கையெழுத்துப் போட்டிருக்கின்றன, நான் பெற்றவள் அப்படி ஒருத்தி இல்லவே இல்லை என்று எழுதிவிட்டாள். ஒரு போன் போட்டு, அம்மா இதை மொழிபெயர்க்கட்டுமா என்று கேட்டிருந்தால் மாட்டேன் என்றா சொல்லியிருப்பேன்? என் பெண் என் கதையை மொழிபெயர்க்கிறாள் என்று தெருவில் போகிறவரை எல்லாம் நிறுத்திச் சொல்லியிருப்பேன். பணம் அனுப்புகிறேன் என்றாயே, அதுதான் எனக்கு எல்லாவற்றையும்விட ஆறவில்லை.

இப்போது பதிப்பகத்தில் இரண்டே வழி என்கிறார்கள். ஒன்று, அந்தக் கதையைத் தொகுப்பிலிருந்து எடுத்துவிட வேண்டும். இல்லையென்றால் கதை என்னுடையது என்று உனக்கும் உன் புத்தகத்தைப் போட்டவர்களுக்கும் வக்கீல் நோட்டீஸ் அனுப்ப வேண்டும். அப்பா, ஒரு கதைதானே, எடுத்துவிடு, பிள்ளையைவிடவா கதை பெரிது என்றார். நானும் அப்படித்தான் நினைத்துப் பார்த்தேன், நினைக்கவில்லை என்று பொய் சொல்ல மாட்டேன். ஆனால் எடுத்துவிட்டால் நீ எழுதினது உண்மையாகிவிடும். இன்று காலை கையெழுத்துப் போட்டுவிட்டேன். எதிர்த்தரப்பு என்ற இடத்தில் உன் முழுப்பெயரை வக்கீல் அம்மா ஒரு எழுத்து தப்பாக எழுதியிருந்தாள், நான்தான் திருத்திக் கொடுத்தேன். பிரசவ ஆஸ்பத்திரியில் உன்னை மடியில் போட்டுக்கொண்டு நான் தேர்ந்தெடுத்த பெயர் அது. உன் வீட்டு விலாசமும் நான்தான் சொன்னேன், வேறு யாருக்குத் தெரியும்.

நோட்டீஸைப் பார்த்துப் பயந்துவிடாதே, மாப்பிள்ளையிடம் மறைக்காதே. புத்தகத்தை நிறுத்தச் சொல்லவில்லை, நஷ்டஈடும் கேட்கவில்லை. அட்டையில் எழுதியவர் என்று என் பெயர் வர வேண்டும், மொழிபெயர்த்தவர் என்று உன் பெயர் இருக்கட்டும். முதல் பக்கத்து வரியை எடுத்துவிட வேண்டும், கடையை மறுபடி கட்டடத்துக்குக் கீழே வைக்க வேண்டும். நீ நன்றாகத்தான் மொழிபெயர்த்திருக்கிறாய் என்று வக்கீல் அம்மா சொன்னாள், அதைக் கேட்டுக் கொஞ்சம் பெருமையாகவும் இருந்தது, அதற்கும் என்மேலேயே கோபம் வந்தது. குளிர் ஆரம்பித்திருக்கும், காதை மூடாமல் வெளியே போகாதே, உனக்கு உடனே சளி பிடிக்கும். நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் நோய்நொடி இல்லாமல் நீண்ட நாள் நன்றாக இருக்க வேண்டும், கோபத்திலும் என் ஆசீர்வாதம் அதேதான்.

ஒன்றே ஒன்று மறக்காமல் செய். போன வாரம் உன் பெண் என்னிடம் வீடியோவில் ஒரு கதை சொன்னாள், கசங்கின நிழலுக்கு இஸ்திரி போடுகிற கதை. கடைசியில், “இது எங்க அம்மா எழுதினது பாட்டி, உங்களுக்குத் தெரியாது” என்றாள். ரொம்ப நல்லா இருக்குடா கண்ணு என்று சொல்லிவிட்டேன், வேறு என்ன சொல்ல. அவளிடம் நீதான் சொல்ல வேண்டும். அதையும் நோட்டீஸில் சேர்க்க முடியுமா என்று வக்கீல் அம்மாவைக் கேட்டேன், சட்டத்தில் அதற்கு இடமில்லையாம்.

இப்படிக்கு,
இதையும் எழுதியவள்,
உன் அம்மா