செத்துப்போன அம்மா தக்காளி வாங்குகிறாள்

அடியே கண்ணு, சீரியலில் செத்துப்போன உன் அம்மா உயிரோடு இருப்பது ஊருக்கே தெரிந்துவிட்டது, ஒரே நாளில் இரண்டு லட்சம் பேர் பார்த்துவிட்டார்கள்!

இரு, மூச்சு வாங்கிக்கொள்கிறேன். இங்கே எல்லோரும் சௌக்கியம், அப்பாவின் முட்டி மட்டும் படியைப் பார்த்தால் முறைக்கிறது, நீ சௌக்கியம்தானே, இருமல் விட்டதா? விஷயத்துக்கு வருகிறேன். நான் கூட்டத்தில் ஒருத்தியாக நிற்கப் போவேனே, அந்த சீரியலில், ஹீரோவின் செத்துப்போன அம்மா என்று சுவரில் மாட்டும் படத்துக்கு என் தலையில் வெள்ளைப் பவுடரை அப்பி போட்டோ எடுத்தார்களே, ஞாபகம் இருக்கிறதா? அந்த மகனுக்கு நாற்பத்தொன்று, எனக்கு நாற்பத்தெட்டு, ஏழு வயதிலேயே பெற்றுவிட்டேன் போல! இருநூறு எபிசோடாகச் சுவரில் தொங்குகிறேன், அவன் வந்து வந்து அழுகிறான். போன மாதம் மார்க்கெட் சீனுக்கு ஆள் பற்றவில்லை என்று கூப்பிட்டார்கள், போனேன். தலையில் பவுடர் இல்லாததால் டைரக்டருக்கே என்னை அடையாளம் தெரியவில்லை, எனக்கும் நான் செத்தது மறந்துபோய்விட்டது. டிவியில் வந்தபோது அப்பாதான் "ஏய், நீ செத்துட்டல்ல?" என்று கத்தினார். மகன் என்னை உரசிக்கொண்டு போகிறான், பெற்றவள் தக்காளி பொறுக்கிக்கொண்டிருக்கிறேன்!

விடுவேனா? சுவர்ப் படத்துக்கு முன்னால் அவன் அழுவதையும் நான் தக்காளி வாங்குவதையும் போனிலேயே வெட்டி ஒட்டி, இணையத்தில் என் பக்கத்தில் வீடியோவாகப் போட்டுவிட்டேன், அதெல்லாம் நானாகவே கற்றுக்கொண்டதுதானே. "அம்மா எப்ப வீட்டுக்கு வருவாங்க" என்று ஆயிரக்கணக்கில் கமெண்ட். அப்புறம்தான் சீரியல் கம்பெனி மேனேஜரிடமிருந்து போன். "உடனே அழிங்க, இல்லன்னா இனி எந்த செட்லயும் கால் வைக்க முடியாது" என்றார். பிறகு குரலை இறக்கி, "அழிச்சிட்டா செத்தவங்களோட தங்கச்சியா கொண்டு வர்றோம், கட்டில்ல படுத்து இருமினா போதும், ரெண்டு வாரத்துல போய்ச் சேர்ந்துடுவீங்க" என்கிறார். "ஒரு தடவை செத்தது போதாதா சார், நடந்து வர்றேன், கோவப்படுறேன், அந்த வீட்டுல ஒரு முடிவு நான் எடுக்கிறேன், அப்படி எழுதுங்க" என்றேன். "இந்த வயசுல நீங்க முடிவெடுத்தா யாரும்மா பார்ப்பாங்க?" என்றாரே பார்க்கலாம்! பார்க்கிறதே நாங்கள்தானே! குக்கரை நிறுத்திவிட்டு ஓடிவருகிற தையல்காரி, டியூட்டி முடிந்து வீங்கின காலோடு உட்காருகிற நர்ஸ், எல்லோரும் என் வயது. எங்களுக்குத் திரையில் ஒரு கட்டிலும் இருமலும்தான் மிச்சமா?

அழிக்கவில்லை. நான்கு நாளாக வேலைக்குக் கூப்பிடவும் இல்லை. அப்பா "போனா போகுது, நீ தலைவி" என்கிறார். நான் கேட்டபடி எழுதுவதா வேண்டாமா என்று வெள்ளிக்கிழமை முடிவு சொல்வார்களாம், கமெண்டைப் பார்த்துவிட்டு. அதனால் "எதுக்கும்மா வம்பு" என்று மட்டும் எழுதாதே.

நீ நினைத்ததெல்லாம் நடக்கட்டும், நல்லா இரு. மருந்தை வேளைக்குக் குடி, நம் வீட்டில் யாரும் இருமக் கூடாது. முக்கியமாக, அந்த வீடியோவை உன் தோழிகளுக்கெல்லாம் அனுப்பு, கமெண்டில் ஆளுக்கு ஒரு வரி எழுதச் சொல், அவர்கள் அம்மாக்களையும் இழுத்து வரச் சொல். வீட்டுக்குள் நுழைந்ததும் அந்த அம்மா முதலில் என்ன செய்யணும்? நீயும் எழுது, வெள்ளிக்கிழமைக்குள்.

இப்படிக்கு,
சுவரிலிருந்து இறங்கிவிட்ட, திரும்ப ஏறப்போகாத
உன் அம்மா